பூட்டு வாசலில், சாமான் திண்ணையில்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஏதோ ஓர் இணையதளத்திலிருந்து விண்ணப்பங்களோ, மதிப்பெண் பட்டியலோ, வெளியிடும் நேரம் வராத அறிக்கையோ கசிந்துவிட்டால் மறுநாள் தாள்களில் 'ஹேக்கர்கள் கைவரிசை' என்று தலைப்பு வருகிறது. இத்தகைய கசிவுகள் பலவற்றில் யாரும் எதையும் உடைத்ததே இல்லை. முகவரிப் பட்டையில் ஓர் எண்ணையோ ஒரு சொல்லையோ மாற்றியிருப்பார்கள். சர்வரும் 'நீ யார்' என்று கேட்காமல் கோப்பை எடுத்துக் கொடுத்திருக்கும். இந்த வேறுபாடு செய்தியாளர்களுக்கும் தெரிய வேண்டும், சொந்தத் தளத்தில் பிடிஎஃப் விற்பவர்களுக்கும் சான்றிதழ் வழங்குபவர்களுக்கும் தெரிய வேண்டும் என்பதால் இதைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

அண்மைய உதாரணம் பிரிட்டனில் நடந்தது. 2025 நவம்பர் 26 அன்று நிதியமைச்சர் ரேச்சல் ரீவ்ஸ் நாடாளுமன்றத்தில் பட்ஜெட் உரையைத் தொடங்கும் முன்பே, அந்த பட்ஜெட்டின் முக்கிய விவரங்கள் அடங்கிய அறிக்கை வெளியே வந்துவிட்டது. அதைத் தயாரித்தது ஓபிஆர் எனப்படும் பட்ஜெட் பொறுப்பு அலுவலகம். கோப்பைத் தளத்தில் ஏற்றியிருந்தார்கள். பக்கத்தில் லிங்க் மட்டும் போடவில்லை. லிங்க் இல்லாவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது என்ற நினைப்பு. ஆனால் மார்ச் மாத அறிக்கையின் முகவரியில் 'மார்ச்' என்ற சொல்லை எடுத்துவிட்டு 'நவம்பர்' என்று போட்டால் புதிய கோப்பு திறந்தது. விசாரித்ததில், வேர்ட்பிரஸ் என்ற தள மென்பொருளில் டவுன்லோட் மானிட்டர் என்ற செருகுநிரல் (கூடுதல் வசதிக்கான துணை மென்பொருள்) லாகின் கேட்காத நேரடி முகவரியை உருவாக்கியிருந்ததும், அந்த ஃபோல்டரை சர்வர் மட்டத்தில் அடைக்காமல் விட்டிருந்ததும் தெரியவந்தது. டிசம்பர் 1 அன்று அலுவலகத் தலைவர் ரிச்சர்ட் ஹியூஸ் பதவி விலகினார். ஒரு மாதத்தின் பெயரை ஊகித்ததைத் தவிர அங்கே வேறெந்த வித்தையும் நடக்கவில்லை.

அதற்கு முன் 2019 மே மாதம் அமெரிக்காவில் ஃபர்ஸ்ட் அமெரிக்கன் என்ற சொத்துரிமைக் காப்பீட்டு நிறுவனத்தின் தளத்தில், 2003 வரை பின்னோக்கிச் செல்லும் 88.5 கோடி ஆவணப் பதிவுகள் லாகின் இல்லாமலே திறந்து கிடந்தது தெரியவந்தது. வங்கிக் கணக்கு எண், வரி ஆவணம் எல்லாம் அதில் இருந்தன. வாடிக்கையாளருக்கு வந்த லிங்க்கில் ஆவண எண் வரிசையாக ஓடியது; ஒன்றைக் கூட்டினால் அடுத்த வீட்டுக்காரரின் பத்திரம். கனடாவின் நோவா ஸ்கோஷியாவில் 2018 ஏப்ரலில் இதுவே வேறு மாதிரி முடிந்தது. மாகாண அரசின் தகவலறியும் உரிமைத் தளத்தில் எண்ணை ஒவ்வொன்றாகக் கூட்டி ஏறத்தாழ 7,000 ஆவணங்களை இறக்கிய 19 வயது இளைஞரைக் கைது செய்தார்கள். பொதுமக்களுக்காக வைத்த தளம்தானே என்று அவர் நினைத்திருக்க, இருநூற்றைம்பது போல ஆவணங்களில் தனிநபர் விவரங்கள் இருந்துவிட்டன. மறு மாதமே வழக்கு வேண்டாம் என்று காவல்துறை விட்டுவிட்டது.

இது ஏன் திரும்பத் திரும்ப நடக்கிறது? தளத்தின் லாகின் பக்கம் பிஎச்பி போன்ற நிரலால் ஓடுவது. ஆனால் பொது ஃபோல்டரில் கிடக்கும் பிடிஎஃப் கோப்பைக் கேட்டால் அந்த நிரல் எழுந்திருப்பதே இல்லை. சர்வர் மென்பொருளான அப்பாச்சியோ என்ஜின்எக்ஸோ நேராகக் கோப்பை எடுத்து அனுப்பிவிடும். பாஸ்வேர்ட் சரிபார்க்கும் நிரல் ஓடாதபோது பாஸ்வேர்ட் எவ்வளவு வலுவாக இருந்து என்ன பயன்? பூட்டு வாசலில் தொங்குகிறது, சாமான் திண்ணையில் கிடக்கிறது.

இந்தத் திண்ணையை மறைக்க என்னவெல்லாம் செய்கிறார்கள் என்று பாருங்கள். 'ஐடி=4512' என்பதை பேஸ்64 முறையில் எழுத்துக் கோவையாக்கிவிட்டு 'என்க்ரிப்ட் செய்துவிட்டோம்' என்பார்கள். அது வெறும் எழுத்து மாற்றம். சாவியே கிடையாது, யாரும் ஒரு நொடியில் திருப்பிவிடலாம். 4512-ஐ எம்டி5 என்ற கணக்கு முறையால் மாற்றிய மதிப்பைப் போடுவது அடுத்தது. 32 எழுத்து நீளத்தில் பார்க்கப் பயமாகத்தான் இருக்கும். ஆனால் எண் ஆறிலக்கமாகவே இருந்தாலும் அத்தகைய எண்கள் மொத்தமே 9 லட்சம். அத்தனைக்கும் எம்டி5 கணக்கிட்டுப் பட்டியல் போட்டுவைக்க ஒரு சாதாரண மடிக்கணினிக்குச் சில நொடிகள் போதும். வலது கிளிக்கை முடக்குவது, ஜாவாஸ்கிரிப்டில் லிங்க்கைத் துண்டு துண்டாக்கி ஒட்டுவது இரண்டும் எஃப்12 அழுத்தி நெட்வொர்க் பகுதியைத் திறக்கும் வரைதான். குறுஞ்சுட்டி (ஷார்ட் லிங்க்) போட்டால், வேறிடத்துக்குத் திருப்பிவிட சர்வர் தரும் 302 என்ற பதிலிலேயே உண்மை முகவரி எழுதியிருக்கும். எந்தப் பக்கத்திலிருந்து வருகிறார்கள் என்று பிரவுசர் சொல்லும் 'ரெஃபரர்' என்ற தலைப்புவரியைப் பார்த்து அனுமதிப்பது, மற்ற தளங்கள் நம் படத்தை நேராக ஒட்டி நம் பேண்ட்விட்த்தைத் தின்னாமல் தடுக்க உதவும். அந்தத் தலைப்புவரியை யாரும் தன் இஷ்டத்துக்கு எழுதி அனுப்பலாம் என்பதால் காவலுக்கு உதவாது.

இவற்றிலெல்லாம் எனக்குச் சிரிப்பு வருவது ரோபோட்ஸ்.டிஎக்ஸ்டி கோப்பில்தான். கூகுள் பார்க்கக் கூடாது என்று 'ரகசியக் கோப்புகள்' ஃபோல்டரின் பெயரை அதில் எழுதிவைப்பார்கள். அந்தக் கோப்பு உலகமே படிப்பதற்காக இருப்பது. திருடனுக்கு வரைபடம் போட்டுக் கொடுத்த மாதிரி.

மறைப்பே வேண்டாம் என்று சொல்லவில்லை. ஊகிக்க முடியாத லிங்க்குக்கும் மதிப்பு உண்டு. ஆனால் அது உண்மையாகவே ஊகிக்க முடியாததாக இருக்க வேண்டும். பிஎச்பியில் 'ராண்டம்_பைட்ஸ்(16)' தரும் 128 பிட் எண்ணைப் பதினாறடிமான எழுத்தில் மாற்றினால் 32 எழுத்து வரும். அதை ஊகிப்பது நடக்காத காரியம். 'யுனிக்ஐடி' என்ற பழைய செயற்கூறு பெயருக்குத்தான் தனித்துவம். உள்ளே இருப்பது கடிகார நேரம். யூயூஐடி எனப்படும் தனித்துவ அடையாள எண்ணிலும் நான்காம் வகையை எடுக்க வேண்டும், அதில் 122 பிட் தற்செயல். முதல் வகையில் நேரமும் கணினியின் நெட்வொர்க் முகவரியும் கலந்திருக்கும். அப்படியே சரியான லிங்க் போட்டாலும், யாராவது அதை வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிட்டால் அதோடு ரகசியம் போச்சு. விளம்பரத் துண்டறிக்கைக்கு அது போதும். மருத்துவ அறிக்கைக்குப் போதாது.

சரியான முறைக்கு முதல் படி, கோப்பைப் பொது ஃபோல்டரைவிட்டு வெளியே எடுப்பது. சிபேனல் ஹோஸ்டிங்கில் 'பப்ளிக்_எச்டிஎம்எல்' ஃபோல்டருக்குள் இருப்பது எல்லாம் உலகத்துக்கு. அதற்கு ஒரு படி மேலே, அதன் பக்கத்திலேயே, தனி ஃபோல்டர் போட்டு அதில் வையுங்கள். எந்த முகவரியை அடித்தாலும் அங்கே நேராகப் போக முடியாது. வெளியே எடுக்க முடியாத நிலையில்தான் டாட் எச்டிஆக்சஸ் (.htaccess) என்ற அமைப்புக் கோப்பில் தடை எழுத வேண்டும். அதிலும் ஒரு பொறி இருக்கிறது. டாட் எச்டிஆக்சஸ் அப்பாச்சிக்கும் லைட்ஸ்பீடுக்கும் மட்டுமே புரியும். என்ஜின்எக்ஸ் அதைத் திரும்பியும் பார்க்காது. வேர்ட்பிரஸ் தளத்தில் கடை நடத்த உதவும் வூகாமர்ஸ் செருகுநிரல் தன் 'வூகாமர்ஸ்_அப்லோட்ஸ்' ஃபோல்டரைக் காப்பது இந்தக் கோப்பை நம்பித்தான். வேகம் வேண்டுமென்று என்ஜின்எக்ஸ் சர்வருக்கு மாறியவர்கள், தடையைத் தனியாக அதன் அமைப்பில் எழுதாவிட்டால், விற்பனைக்கு வைத்த புத்தகமெல்லாம் இலவசம். அதே வூகாமர்ஸ் அமைப்பில் டவுன்லோட் முறை 'ரீடைரக்ட் ஒன்லி' என்று இருந்தால் உண்மையான முகவரி வாங்கியவர் கைக்கே போய்விடும். 'ஃபோர்ஸ் டவுன்லோட்ஸ்' அல்லது சர்வர் வழி அனுப்பும் முறைதான் சரி.

அடுத்து, அப்படி வெளியே வைத்த கோப்பை அனுமதி பார்த்து எடுத்துக் கொடுக்கும் வாயிற்காப்போன் நிரல். அதற்குக் கோப்பின் பெயரைக் கொடுக்காதீர்கள், எண்ணையோ தற்செயல் குறியையோ கொடுங்கள். பெயரைக் கொடுத்தால் இரண்டு புள்ளியும் சாய்வுக்கோடும் (../) சேர்த்து ஃபோல்டரைவிட்டு மேலே ஏறி, வேர்ட்பிரஸ்ஸின் டேட்டாபேஸ் பாஸ்வேர்ட் இருக்கும் 'டபிள்யூபி-கான்ஃபிக்' கோப்பையே இறக்கிக்கொள்வார்கள். 2014-ல் ஸ்லைடர் ரெவல்யூஷன் என்ற பிரபலமான செருகுநிரலில் இருந்த ஓட்டை சரியாக இதுதான். படத்தைக் காட்டும் வழியாக அமைப்புக் கோப்பை எடுத்தார்கள். நிரல் மூன்று கேள்வி கேட்க வேண்டும்: இவர் லாகின் செய்திருக்கிறாரா, இந்த எண்ணுள்ள கோப்பு இருக்கிறதா, அது இவருக்கு உரியதா. மூன்றாவதைத்தான் எல்லாரும் விடுகிறார்கள். லாகின் செய்த யாரும் அடுத்தவர் எண்ணைப் போட்டுப் பார்க்கலாம் என்றால் லாகின் வைத்ததே வீண். இணையப் பாதுகாப்புக்கான ஓவாஸ்ப் அமைப்பின் 2021 பட்டியலில் இணையச் செயலிகளின் முதல் அபாயமாக அணுகல் கட்டுப்பாட்டுக் குறைபாட்டை வைத்திருக்கிறார்கள். இந்தத் தவறும் அந்த இனம்தான். உரியவர் அல்லாதவருக்கு 403 ('அனுமதி இல்லை') சொல்வதைவிட 404 ('அப்படி ஒன்று இல்லை') சொல்வது நல்லது. அப்படி ஒரு கோப்பு இருப்பதே அவருக்குத் தெரிய வேண்டாம்.

அனுப்பும் இடத்தில் சில்லறைத் தொல்லைகள் ஏராளம். நிரல் கோப்பின் தொடக்கத்தில் பிஓஎம் என்ற மூன்று பைட் ஒட்டிக்கொண்டாலோ, முடிவில் ஒரு வெற்று வரி இருந்தாலோ அது கோப்போடு கலந்து போய் ஜிப் 'கெட்டுவிட்டது' என்று சொல்லும். அனுப்பும் முன் சேர்த்துவைக்கும் அவுட்புட் பஃபரிங்கை மூடாமல் அனுப்பினால் மொத்தக் கோப்பும் நினைவகத்தில் ஏறும். 128 எம்பி வரம்புள்ள ஹோஸ்டிங்கில் 200 எம்பி கோப்பு பாதியில் செத்துவிடும். கோப்பின் அளவைச் சொல்லிவிட்டு ஜிஜிப் சுருக்கத்தையும் விட்டுவைத்தால் சொன்ன பைட்டும் வந்த பைட்டும் ஒத்துப்போகாமல் டவுன்லோட் முடியும் நேரத்தில் தோற்கும். செஷனை (லாகின் நிலையை நினைவில் வைக்கும் பதிவை) மூடாமல் அனுப்பினால் அந்தப் பயனர் டவுன்லோட் முடியும்வரை தளத்தின் வேறு எந்தப் பக்கத்தையும் திறக்க முடியாது. சர்வர் மெதுவாகிவிட்டது என்று புகார் வரும். அனுமதி பார்த்தவுடன் 'செஷன்_ரைட்_குளோஸ்' என்று ஒரு வரி போட்டால் தீர்ந்தது. பெரிய கோப்பென்றால், விட்ட இடத்திலிருந்து தொடர்வதற்கான ரேஞ்ச் கோரிக்கைக்கு 206 ('கோப்பின் ஒரு பகுதி') என்ற பதில் தர வேண்டும். இல்லாவிட்டால் 90 விழுக்காட்டில் சிக்னல் போனவர் முதலிலிருந்து இறக்குவார்.

தமிழ்ப் பெயர் வைத்த கோப்புகளுக்கு இன்னும் இரண்டு சிக்கல். யூடிஎஃப்-8 முறையில் ஒரு தமிழ்க் குறியீட்டுக்கு 3 பைட். லினக்ஸில் கோப்புப் பெயர் 255 பைட்டுக்கு மேல் போகாது. அதாவது 85 குறியீடு. புள்ளியும் கொம்பும் காலும் தனித்தனிக் குறியீடு என்பதால் நீளமான தலைப்பு சீக்கிரமே எல்லையைத் தொட்டுவிடும். அடுத்தது இதைவிட நுட்பமானது. 'கோ' என்பதில் உள்ள ஓகாரக் குறியை ஒரே குறியீடாகவும் எழுதலாம், இரட்டைக் கொம்பும் காலும் சேர்ந்த இரண்டாகவும் எழுதலாம். கண்ணுக்கு ஒன்றே, சர்வருக்கு இரண்டு வெவ்வேறு பெயர். மேக் கணினியில் ஜிப் செய்து ஏற்றிய 'கோப்பு' கிடைக்காமல் 404 வருவதற்கு இது ஒரு காரணம். ஆகவே வட்டில் தற்செயல் எழுத்துப் பெயரிலேயே சேமியுங்கள், தமிழ்ப் பெயரை டேட்டாபேஸில் வையுங்கள். அனுப்பும்போது 'கன்டென்ட்-டிஸ்பொசிஷன்' வரியில் வெறும் 'ஃபைல்நேம்' போதாது. நட்சத்திரக் குறியோடு, யூடிஎஃப்-8 என்று சொல்லி, விழுக்காட்டுக் குறி முறையில் எழுத வேண்டும். இல்லையேல் வாசகர் கணினியில் புரியாத குறிகளே கோப்பின் பெயராகச் சேமிக்கப்படும்.

கூட்டம் அதிகமுள்ள தளத்தில் பிஎச்பியே கோப்பைச் சுமக்க வேண்டியதில்லை. அனுமதி பார்ப்பதோடு நிறுத்தி 'எக்ஸ்-ஆக்செல்-ரீடைரக்ட்' என்ற தலைப்புவரியை மட்டும் கொடுத்தால் மீதியை என்ஜின்எக்ஸ் பார்த்துக்கொள்ளும். ரேஞ்ச் தொல்லையும் அதோடு தீரும். என்ஜின்எக்ஸ் அமைப்பில் அந்த ஃபோல்டருக்காக எழுதும் லொகேஷன் பகுதியில் 'இன்டர்னல்' என்ற சொல் கட்டாயம். அது விடுபட்டால் மறைவு ஃபோல்டர் மொத்தமும் பொதுவெளி. பொதுவாகவே, லொகேஷன் வரியில் கடைசிச் சாய்வுக்கோட்டை விட்டுவிட்டு உண்மையான ஃபோல்டரைக் காட்டும் ஏலியாஸ் வரியில் மட்டும் போட்டால், ஃபோல்டர் பெயரை அடுத்து இரண்டு புள்ளி வைத்து ஒரு படி மேலே ஏறிவிடலாம். ஒரு சாய்வுக்கோடு செய்யும் வேலை.

லாகின் இல்லாதவருக்கு, மின்னஞ்சலில் லிங்க் அனுப்ப வேண்டியிருந்தால் கையொப்பமிட்ட லிங்க் பொருத்தம். கோப்பின் எண், காலாவதியாகும் நேரம் இரண்டையும் நடுவில் ஒரு பிரிப்புக்குறி வைத்து ஒட்டி, சர்வரில் மட்டும் இருக்கும் 32 பைட் சாவியால் எச்மேக்-எஸ்எச்ஏ256 என்ற கையொப்பத்தைக் கணக்கிட்டு லிங்க்கின் வாலில் சேர்ப்பது. பிரிப்புக்குறி இல்லாவிட்டால் 1-ம் 23-ம் சேர்ந்ததும் 12-ம் 3-ம் சேர்ந்ததும் ஒன்றாகிவிடும். காலாவதி நேரத்தைக் கையொப்பத்துக்குள் சேர்க்காமல் வெளியே ஒட்டினால் யாரும் அதை 2099 ஆக்கிக்கொள்ளலாம். வந்த கையொப்பத்தைச் சரியானதோடு ஒப்பிடும்போது சாதாரணச் சமக்குறி வேண்டாம், 'ஹேஷ்_ஈக்வல்ஸ்' போதும். அமேசானின் கோப்புச் சேமிப்புச் சேவையான எஸ்3-ல் இந்த வசதி தயாராகவே இருக்கிறது; அதிகபட்சம் 7 நாள், அதாவது 6,04,800 விநாடி. ஆனால் தற்காலிக அனுமதிச்சான்றால் கையொப்பமிட்டிருந்தால் அந்தச் சான்று முடியும்போதே லிங்க்கும் செத்துவிடும். ஏழு நாள் என்று சொல்லி அனுப்பிய லிங்க் சில மணி நேரத்தில் இறந்ததற்கு இதுவே வழக்கமான விளக்கம். காலாவதி பார்ப்பது கோரிக்கை வரும் நொடியில் மட்டும். பத்து நிமிட லிங்க்கில் தொடங்கிய ஒரு மணி நேர டவுன்லோட் ஓடி முடியும். இடையில் அறுந்து மீண்டும் கேட்டால்தான் தடை. ஆகவே அரை ஜிபி கோப்புக்குப் பத்து நிமிடம் வைப்பது வாடிக்கையாளரோடு வம்பு. சில மணி நேரம் கொடுங்கள்.

'ஒரே ஒரு முறைதான் இறக்கலாம்' என்ற லிங்க் கேட்க நன்றாக இருக்கும். மின்னஞ்சலை வடிகட்டும் பாதுகாப்பு மென்பொருளும் அரட்டைச் செயலியின் முன்னோட்டமும் மனிதருக்கு முன்பே லிங்க்கைத் தொட்டுவிடுவதால், அந்த ஒரு முறையை இயந்திரமே தின்றுவிடும். லிங்க் ஒரு பக்கத்தைத் திறக்கட்டும். அதிலுள்ள பொத்தானை அழுத்தினால் போஸ்ட் (படிவம் அனுப்பும்) முறையில் கோப்பு வரட்டும். ஒன்றுக்குப் பதில் மூன்று முதல் ஐந்து முறை அனுமதியுங்கள். ஐபி முகவரியோடு லிங்க்கைக் கட்டுவது மொபைல் இணையத்துக்குச் சரிப்படாது. வீட்டு வைஃபையிலிருந்து வெளியே வந்தாலே முகவரி மாறிவிடும்.

தளத்துக்கு முன்னால், கோப்புகளின் நகலை வைத்து வேகமாக வழங்கும் கிளவுட்ஃப்ளேர் போன்ற சிடிஎன் சேவை வைத்திருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பிடிஎஃப், ஜிப் என்று முடியும் முகவரிகளை அது இயல்பாகவே நகலெடுத்து வைத்துக்கொள்ளும். உரியவர் ஒருமுறை இறக்கியதை அடுத்து கேட்பவருக்கு உங்கள் சர்வரைக் கேட்காமலே கொடுத்துவிட வாய்ப்புண்டு. காவலுள்ள கோப்புகளுக்கு 'கேஷ்-கன்ட்ரோல்: பிரைவேட், நோ-ஸ்டோர்' என்று அனுப்புவதை நிரலிலேயே எழுதிவிடுங்கள்.

சட்டமும் வந்துவிட்டது. 2023-ம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தில் நியாயமான பாதுகாப்பு ஏற்பாடு செய்யாதவருக்கு 250 கோடி ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம். விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டு, முக்கியக் கடமைகளுக்கு 18 மாத அவகாசம் கொடுத்திருக்கிறார்கள். கசிவு தெரிந்த 6 மணி நேரத்துக்குள் மத்திய அரசின் இணையப் பாதுகாப்பு அமைப்பான செர்ட்-இன்னுக்குத் தெரிவிக்க வேண்டும், சர்வர் பதிவேடுகளை (லாக்) 180 நாள் வைத்திருக்க வேண்டும் என்பது 2022 ஏப்ரல் உத்தரவு. அந்தப் பதிவேட்டைத் திறந்து, ஒரே முகவரியிலிருந்து அடுத்தடுத்த எண்கள் வரிசையாகக் கேட்கப்பட்டிருக்கின்றனவா என்று பார்த்தாலே விஷயம் பிடிபடும்.

தளம் வைத்திருப்பவர்கள் இன்றே செய்யக்கூடிய சோதனை இது. லாகின் செய்து ஒரு கோப்பை இறக்குங்கள். பிரவுசரின் டவுன்லோட் பட்டியலில் அது வந்த முகவரியை நகலெடுங்கள். மறைநிலைச் சாளரம் திறந்து ஒட்டுங்கள். கோப்பு வந்தால் காவல் இல்லை. பிறகு இன்னொரு பயனராக லாகின் செய்து அதே முகவரியை ஒட்டுங்கள். எண் இருந்தால் ஒன்றைக் கூட்டிக் குறைத்தும் பாருங்கள். கோப்புப் பெயரை வெட்டிவிட்டு ஃபோல்டர் வரை மட்டும் அடித்தால் பட்டியல் விரிகிறதா என்பதையும் பாருங்கள். விரிந்தால் அப்பாச்சியில் 'ஆப்ஷன்ஸ் -இண்டெக்சஸ்' என்ற ஒரே வரி போதும். இதை உங்கள் தளத்தில் மட்டும் செய்யுங்கள். அடுத்தவர் தளத்தில் செய்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 43, 66 பிரிவுகள் இருக்கின்றன.

கோப்பு ஏற்கெனவே வெளியே போயிருந்தால் முதலில் இடம் மாற்றுங்கள், பிறகு சிடிஎன் நகலை அழியுங்கள், அதன் பின் கூகுள் சர்ச் கன்சோலில் நீக்கக் கோரிக்கை கொடுங்கள். வரிசை மாறக் கூடாது. கோப்பு பழைய இடத்திலேயே இருந்தால், கூகுளின் தற்காலிக நீக்கம் ஏறத்தாழ ஆறு மாதத்தில் காலாவதியாகி அதே லிங்க் தேடலில் மறுபடி வந்து நிற்கும்.

இப்படிக்கு,
இணையதளப் பராமரிப்புப் பணியிலுள்ள வாசகர்,
கோயம்புத்தூர்.